துடுப்பில் இரண்டு ஆணித் துளைகள்

என் வீட்டில் அலுமாரிக்குப் பக்கத்து மூலையில் ஒரு துடுப்பு சாய்ந்து நிற்கிறது. என்னைவிட ஒரு முழம் உயரம். அலகுப் பக்கம் உப்பில் ஊறி வெளிறியிருக்கிறது. பிடிப் பக்கத்து நுனி மட்டும் எண்ணெய் தேய்த்ததுபோல் கறுத்து மினுங்குகிறது. அந்த நுனியில் பெருவிரல் பதியக்கூடிய ஒரு சிறு குழிவு உண்டு. ஒருவர் இருபது வருடங்களாகத் தன் காதுக்குக் கீழுள்ள தாடை எலும்பை அந்த இடத்தில் ஊன்றியதால் விழுந்த குழிவு அது. அலகுக்குச் சற்று மேலே, ஒரு சாண் இடைவெளியில், இரண்டு ஆணித் துளைகள். "அந்த ரெண்டு ஓட்டையையும் அடைச்சு விடு பிள்ளை, தண்ணி ஊறினால் மரம் வெடிச்சுப் போகும்" என்று துடுப்பின் சொந்தக்காரர் பல வருடங்களாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். வீட்டில் மின்குமிழ் மாற்றிய நாளைக்கூட நாட்குறிப்பில் எழுதிவைக்கிற எனக்கு, இந்தச் சின்ன வேலைக்கு மட்டும் இன்னும் நாள் வாய்க்கவில்லை.

சென்ற வாரம் கொழும்பிலிருந்து ஒரு கடிதம் வந்தது. உயிரொலிக் கழகத்தை நிறுவிய பணிப்பாளர் காலமாகி ஒரு வருடம் ஆகப்போகிறதாம். மாணவர்கள் நினைவு மலர் வெளியிடுகிறார்களாம். கழகத்தின் முதல் பதிவாளர் நான் என்பதால் "திருகோணமலைக் காலம்" பற்றி ஒரு கட்டுரை வேண்டுமாம். ஐயாவின் முழுப் பெயரும் பட்டங்களும் முதல் வரியிலேயே வரவேண்டும், முக்கியமான தேதிகளைத் தவறாமல் குறிப்பிடவேண்டும் என்று கேட்டிருந்தார்கள். எழுதுகிறேன். ஆனால் அவருடைய பெயரை எழுதமாட்டேன். தேதிகளையும் தரமாட்டேன், தேதி தெரிந்தால் பெயரைத் தோண்டி எடுத்துவிடுவார்கள். பதினாறு வயதில் தொடங்கி ஒருநாள் தவறாமல் நாட்குறிப்பு எழுதுகிற ஒருத்திக்கு, தேதி இல்லாமல் எழுதுவது ஒற்றைச் செருப்போடு நடப்பது போல இருக்கிறது. பரவாயில்லை, நடப்பேன்.

நாங்கள் சல்லிக் கடற்கரைக் குடும்பம். அப்பா, அவருடைய சகோதரர்கள், பிறகு அக்காவைக் கட்டிய அத்தான் எல்லாரும் கடலுக்குப் போனவர்கள். நான் மட்டும் பட்டணத்துப் பள்ளியில் படித்து, தட்டெழுத்துப் பழகி, கையில் புத்தகத்தோடு திரிந்தேன். அத்தானுடைய தொழில் கொஞ்சம் வேறு. அவர் காது வைப்பவர். வலைக்காரர் கரையில் ஆயத்தமாக நிற்க, அவர் சின்னத் தோணியில் முன்னால் போவார். துடுப்பின் அலகைத் தண்ணீருக்குள் நிறுத்தி, பிடியின் நுனியைத் தாடையில் ஊன்றி, கண்ணை மூடிக்கொள்வார். அந்த நேரம் தோணியில் கூட இருப்பவன் இருமக்கூடாது, வெற்றிலைச் சாற்றைக்கூடத் துப்பக்கூடாது. கத்தாளை மீன் என்றால் பலகையில் விரல் முட்டியால் தட்டுவது போலக் கேட்குமாம். கெளிறு என்றால் பசித்த வயிறு போல. இறால் என்றால் சட்டியில் கடுகு பொரிவது போல. கேட்டு முடிந்ததும் தலைத் துவாயை அவிழ்த்து அவர் எந்தப் பக்கம் வீசுகிறாரோ அந்தப் பக்கம் வலை போகும். நாற்பது பேருடைய அன்றைய பாடு அந்தத் துவாயில் இருந்தது. சல்லியில் காலையில் ஒருவரையொருவர் கண்டால் முதல் கேள்வி "இண்டைக்கு ஆர் காது வைச்சது?" என்பதுதான். அத்தான் என்றால் அடுத்த கேள்வி இல்லை.

வெள்ளைக்காரரின் கடற்படை ஐம்பத்தேழில் தளத்தை விட்டுப் போனபோது, போட்டுவிட்டுப் போன சாமான்கள் பல கை மாறின. அப்படித் திரிந்த சாமான்களுக்குள் ஒன்று, கப்பல்காரர் நீரடிச் சத்தம் கேட்கப் பாவித்த ஒலிவாங்கி. ஒரு கரும் இரும்பு உருண்டை, நீண்ட கம்பிவடம், பெட்டி, ஒலிபெருக்கி. நாங்கள் அதைத் தண்ணி மைக் என்றே சொன்னோம். அதை வாங்கியவர் அப்போது விஞ்ஞான ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றிருந்த ஒருவர். உட்துறைமுகக் கரையில் பழைய பங்களா ஒன்றை வாடகைக்கு எடுத்து, வாசலில் பலகை மாட்டி, உயிரொலிக் கழகம் என்று பெயரிட்டு, தனக்குப் பணிப்பாளர் என்ற பதவியையும் கொடுத்துக்கொண்டார். நான் பதிவாளராகச் சேர்ந்தேன். எனக்கு அப்போது இருபத்தாறு வயது.

கழகத்தின் கொள்கை எளிது. உயிர் உள்ளது எதுவும் ஓயாமல் அதிர்கிறது; அந்த அதிர்வைக் கேட்கப் பழகினால் உயிரை உள்ளிருந்தே அறியலாம். முன்னறையில் சிறியதிலிருந்து பெரியது வரை பன்னிரண்டு இசைக்கவைகள் மரத்தாங்கியில் நின்றன. ஒரு பித்தளைத் தட்டில் கடல்மணலைத் தூவி, விளிம்பில் வயலின் வில்லை இழுத்தால் மணல் கோலமாக ஒதுங்கும். பின் வளவு முருங்கை மரத்துக்கு வைத்தியர் குழாயை வைத்துக் கேட்போம். ஞாயிற்றுக்கிழமைகளில் இருபது பேர் வரை வருவார்கள். ஓய்வு பெற்ற புகையிரத நிலைய அதிபர் ஒருவர் பலாப்பழத்தில் காதை வைத்துவிட்டு, "இது இன்னும் ரெண்டு நாள் கிடக்கவேணும்" என்று சொல்லிச் சபையைச் சிரிக்க வைப்பார். நானும் சிரித்தேன், நானும் நம்பினேன். முதன்முதலில் தண்ணி மைக்கை இறக்கி ஒலிபெருக்கியைத் திருகிய மாலையில், வெறும் நீலத் தண்ணீர் என்று நான் பார்த்துக்கொண்டிருந்த துறைமுகம் அறை முழுவதும் பொரிந்து, தட்டி, முனகிற்று. என் உடம்பு புல்லரித்தது. அந்த மாலைக்கான நன்றியை மறுக்கமாட்டேன். அவருக்குக் கொடுக்க என்னிடம் இருப்பது அது ஒன்றுதான்.

அடுத்த வருடம் அவர் உயிர்ச்சுருதியைக் கண்டுபிடித்தார். மற்றச் சத்தங்களுக்கு அடியில், தம்பூராவின் அடித்தந்தி போல, ஒரே கனத்தில் ஓடுகிற ஒரு தாழ்ந்த ஓங்காரம். காலை ஆறுக்கும் மாலை ஐந்துக்கும் கேட்டு, அதன் பலத்தை ஒன்று முதல் பத்து வரை மதிப்பிட்டுப் பதிவேட்டில் எழுதுவது என் வேலை. பக்கத்தில் காற்றின் திசை, அதற்கடுத்து பாடு, அதாவது அன்று பிடிபட்டுச் சந்தைக்கு வந்த மீனின் அளவு. நாலைந்து மாதத்துக்குள் ஒரு உண்மை துலங்கியது. மீன் நிறைய வந்த நாட்களில் சுருதி பலமாக இருந்தது. பாடு குறைந்த நாட்களில் அது தேய்ந்தது, சில நாட்களில் கேட்கவே இல்லை. பணிப்பாளர் பதிவேட்டை மடியில் வைத்துக்கொண்டு கண் கலங்கினார். "பிள்ளை, கடலில உயிர் கூடக் கூடக் கடல் பாடுது. இதுக்கு ஒருநாள் என்ர பேரை வைப்பினம்" என்றார். அந்த இரண்டாவது வசனத்தையும் அன்றைக்கே நாட்குறிப்பில் எழுதினேன்.

அத்தானைக் கழகத்துக்கு அழைத்துக்கொண்டு போனவள் நான். அதை ஒருவரும் என்மேல் சுமத்தவில்லை, நானே எடுத்துக்கொள்கிறேன். முதலில் பணிப்பாளருக்கு அவரைப் பிடித்திருந்தது. அத்தான் தோணியில் துடுப்போடு இருப்பார், நாங்கள் கரையில் ஒலிபெருக்கியோடு இருப்போம். அவர் விரலைக் காட்டுவார், நான் எழுதுவேன். துறைமுகத்தில் எந்த மீன் எங்கே தங்குகிறது என்று கழகம் வெளியிட்ட படத்தின் ஒவ்வொரு புள்ளியும் அத்தான் சொன்னது. படத்தின் அடியில் அவருடைய பெயர் இல்லை. "எனக்கென்னத்துக்குப் பேர், மீனுக்குத் தெரியும்தானே" என்று அவர் சிரித்தார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, உறுப்பினர்கள் நிறைந்திருந்த சபையில், பணிப்பாளர் முதன்முறையாக அத்தானுக்கு உயிர்ச்சுருதியைக் கேட்க வைத்தார். அத்தான் ஒலிபெருக்கியைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு படிக்கட்டில் இறங்கிப் போய், துடுப்பைத் தண்ணீரில் நிறுத்தித் தாடையை ஊன்றினார். திரும்பி வந்து, "ஐயா, குறை நினைக்கப்படாது. உது உயிருள்ள சத்தமில்லை. இரும்பு" என்றார்.

"என்ன இரும்பு?"

"அது தெரியாது ஐயா. மீன் எண்டால் மூச்சு விடும், நிக்கும், பயந்தால் மாறும். உது ஒரே பிடியா ஓடுது. இரும்புதான் களைக்காது."

பின் வரிசையில் மூன்று பேர் சிரித்தார்கள். நிலைய அதிபர், பக்கத்துக் கடைக்காரர், ஒரு இளம் ஆசிரியர். சிரிப்பு அத்தானைப் பார்த்து வந்ததல்ல. பணிப்பாளரின் கழுத்து சிவந்ததை நான் பார்த்தேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை அதே சபையின் முன்னால், "எங்கட துடுப்புக்காரரின்ர காதையும் ஒருக்காச் சோதிச்சுப் பார்ப்பம்" என்று அத்தானைக் கதிரையில் இருத்தி, பின்னால் நின்று இசைக்கவைகளை ஒவ்வொன்றாகத் தட்டினார். ஆகச் சிறிய இரண்டு கவைகளின் கீச்சுச் சத்தம் அத்தானுக்குக் கேட்கவில்லை. முப்பது வருடம் கடற்காற்றில் நின்ற எவருக்கும் கேட்டிராது. ஆனால் ஆகப் பெரிய கவையைப் பணிப்பாளர் முற்றத்து மதில்வரை போய்த் தட்டியபோதும் அத்தான் கையை உயர்த்தினார். சபையில் வேறு எவரும் உயர்த்தவில்லை. மீன்கள் பேசுவது அந்தக் கனத்த பக்கத்தில். இரண்டு முடிவையும் இரண்டு நிரலில் எழுதினேன்.

பணிப்பாளர் முதல் நிரலை மட்டும் எடுத்தார். "துடுப்புக்குக் காது வைத்தல் என்னும் மூடநம்பிக்கை" என்று ஒரு சிறு பிரசுரம். அதில், சல்லியின் பேர்போன கேட்பவர் செவிப்புலன் குன்றியவர் என்று கழகத்தின் சோதனையில் நிரூபிக்கப்பட்டதாக ஒரு வரி. "ஐயா, மற்றப் பக்கத்தையும் போடவேணும்" என்றேன். "பிள்ளை, நீர் தட்டச்சு செய்யும். நான் சிந்திக்கிறன்" என்றார். தட்டச்சு செய்தேன். இரண்டு கார்பன் பிரதிகளோடு, எழுத்துப் பிழை இல்லாமல், செவிப்புலன் குன்றியவர் என்று என் பத்து விரல்களாலும் அடித்தேன்.

அந்த வரி ஒரு பத்திரிகையில் வந்தது. சல்லித் தேத்தண்ணிக் கடையில் ஒருவன் அதைச் சத்தமாக வாசித்தான். முதல் நாள் பகிடி. "அண்ணை, துடுப்பை மற்றக் காதில வையுங்கோவன்." "செவிடன் துவாய் வீச, நாங்கள் குருடர் வலை வீசுறம்." மூன்றாம் வாரம் ஒரு வலை வெறுமையாக வந்தது. எந்தக் கேட்பவருக்கும் பத்தில் இரண்டு வலை அப்படி வரும். ஆனால் அன்று முதல் வெறும் வலை ஒவ்வொன்றும் அத்தானுடைய காதில் போய் விழுந்தது. வலையின் சொந்தக்காரரான சம்மாட்டி நல்ல மனிதர், கையைப் பிடித்துத்தான் சொன்னார்: "தம்பி, எனக்கு நம்பிக்கை இருக்கு. பெடியளுக்கு இல்லை. நம்பாமல் வலை இழுக்க ஏலாது." கரையில் நின்று வலை இழுக்கும் கூலியாக நிற்க மாட்டேன் என்றார் அத்தான். அக்காவையும் கூட்டிக்கொண்டு தம்பலகாமத்துக்குப் போய், ஒரு நெல் ஆலையில் வேலைக்குச் சேர்ந்தார். போகுமுன் துடுப்பைக் கழகத்து விறாந்தையில் சாத்திவிட்டுப் போயிருந்தார். பணிப்பாளர் அதை எடுத்து, இரண்டு ஆணி அடித்து முன்னறைச் சுவரில் மாட்டி, கீழே ஒரு அட்டையில் நாட்டுப்புற அறியாமை என்று எழுதிவைத்தார். ஆணி சுவரில் மட்டும் இறங்கவில்லை, மரத்தைத் துளைத்துக்கொண்டு இறங்கியது. வருகிறவர்களிடம், "இது செவிடனின் துடுப்பு" என்று சொல்லி ஒரு சிரிப்பை எடுப்பார்.

அக்கா போகும்போது என் முகத்தைப் பார்க்காமல் பாயைச் சுருட்டினாள். "நீ இன்னும் அந்த ஆளுக்கு டைப் அடிச்சுக் குடுக்கப் போறியோ?" என்று கேட்டாள். முதல் ஆறு மாதம் நான் அங்கே இருந்தது கோழைத்தனம். அதன் பிறகு இருந்தது வேறு.

அடுத்த ஆடி மாதத்தில் கீரி மீன் கொட்டியது. சந்தையில் கூடைகளை வைக்க இடமில்லை. உயிர்ச்சுருதி பத்தைத் தாண்டவேண்டிய நாட்கள் அவை. பதினொரு நாள், காலையும் மாலையும், ஒரு முனகல்கூட இல்லை. பதினொரு நாளுக்கும் சைபர் போட்டேன். பணிப்பாளர் பதிவேட்டைப் பார்த்துவிட்டு, "கருவி பழுது. அந்தப் பக்கத்தைக் கிழியும்" என்றார். கிழித்து அவருடைய கையில் கொடுத்தேன். அதற்கு முன் அதை வரிக்கு வரி என் நாட்குறிப்பில் எழுதிக்கொண்டேன். கருவி பழுதில்லை என்று எனக்குத் தெரியும். இறாலின் கடுகுச் சத்தம் நன்றாகக் கேட்டுக்கொண்டிருந்தது.

அந்தப் பதினொரு நாளும் சந்தைக்கு ஐஸ்கட்டி லொறியில் வெளியூரிலிருந்து வந்தது என்று தற்செயலாகக் கேள்விப்பட்டேன். கழகத்திலிருந்து கூப்பிடு தூரத்தில், அதே கரையில், ஒரு ஐஸ் தொழிற்சாலை இருந்தது. அதன் இரும்புக் குழாய் கடலுக்குள் இறங்கித் தண்ணீர் இழுக்கும். என்ஜினைப் பார்த்தவர் கிண்ணியாவிலிருந்து வருகிற ஒரு முஸ்லிம் நானா. அவரிடம் போனேன்.

"ஓம் புள்ள, மோட்டர் எரிஞ்சு போச்சு. பதினொரு நாள் சும்மா குந்திக் கிடந்த. மீன் வாற நேரம் பார்த்து எரியுது பாரு, ஷைத்தான்."

"மீன் குறைஞ்ச நாளில என்ஜின் ஓடுமோ நானா?"

"மீன் இல்லாட்டி ஆருக்குப் புள்ள ஐஸ்? நிப்பாட்டிப் போட்டுப் படுக்கிறதான்."

நான் அங்கேயே ஒரு மீன் பெட்டியில் உட்கார்ந்துவிட்டேன். மீன் வந்தால் ஐஸ் வேண்டும், ஐஸ் வேண்டுமென்றால் என்ஜின் ஓடும், என்ஜின் ஓடினால் குழாய் வழியே கடல் அதிரும். இதை வைத்துக்கொண்டு ஒரு மனிதர் கடலின் ஆத்மாவைக் கண்டுபிடித்திருந்தார். இரும்புதான் களைக்காது என்று சொன்னவர் தம்பலகாமத்தில் மூட்டை சுமந்துகொண்டிருந்தார்.

நேராகக் கழகத்துக்கு நடந்தேன். சொல்லிவிடுவதென்றுதான் நடந்தேன், அதை நேர்மையாகப் பதிகிறேன். வாசலில் செருப்பைக் கழற்றும்போது உள்ளே பணிப்பாளர் யாரோ இரண்டு விருந்தினருக்குச் சுவரைக் காட்டிக்கொண்டிருந்தார். "இந்த ஆள் கடைசியில கடல் சத்தத்தை இரும்பு எண்டு சொல்லிப்போட்டான்" என்றார். மூவரும் சிரித்தார்கள். நான் செருப்பை மறுபடியும் மாட்டிக்கொண்டு வீட்டுக்குப் போனேன்.

அன்றிலிருந்து ஒரு வருடத்துக்கு மேல் வாய் திறக்கவில்லை. இவ்வளவு ஒழுங்காக நான் வேறெந்த வேலையும் செய்ததில்லை. காலை ஆறும் மாலை ஐந்தும் அவருடைய பதிவேட்டுக்கு. மதியம் மற்றவர்கள் சாப்பிடப் போனதும் ஒலிபெருக்கியை மெல்லத் திருகி நான் கேட்டது என் பதிவேட்டுக்கு. வெள்ளிக்கிழமைகளில் மட்டும், எவ்வளவு மீன் வந்திருந்தாலும், பன்னிரண்டுக்குக் கால் மணி இருக்கும்போது சுருதி நின்றுவிடும், ஒன்றரைக்குத் திரும்பும். நானாவிடம் காரணம் கேட்டேன். "ஜும்மாவுக்குப் போறதான் புள்ள. அல்லாஹ்ட வேலைக்கு முன்னால ஐஸ்கட்டி என்ன?" என்றார். ஐம்பத்தெட்டு வெள்ளிக்கிழமைகளை எழுதினேன். ஒவ்வொரு முறை எழுதும்போதும் சுவரில் துடுப்பு இருக்கிற பக்கம் ஒருதரம் பார்ப்பேன். அந்த நாட்களில் நான் நன்றாகச் சாப்பிட்டேன், நன்றாகத் தூங்கினேன். பழி மனிதரை உள்ளே அரிக்கும் என்று புத்தகங்களில் வாசித்திருக்கிறேன். என்னை அது அரிக்கவில்லை, நிமிர்த்தி வைத்தது.

கடைசியில் கொழும்பிலிருந்து ஒரு பேராசிரியர் தலைமையில் குழுவொன்று உயிர்ச்சுருதியைக் கேட்க வருவதென்று முடிவாயிற்று. அவர்கள் ஏற்றுக்கொண்டால் அந்த ஒலிக்குப் பணிப்பாளரின் பெயர் சூட்டப்படும். நாளைத் தெரிவு செய்யும் பொறுப்பை அவர் என்னிடம் தந்தார். "பாடு நல்லா இருக்கிற நாளாப் பாரும். உமக்குத்தானே நாள் கணக்குத் தெரியும்" என்றார். கீரிக் காலத்தில் ஒரு வெள்ளிக்கிழமையைச் சொன்னேன். "நல்ல நாள்" என்று மெச்சினார். பத்தரைக்கு ராகுகாலம் தொடங்குமுன் விளக்கேற்றிவிட வேண்டும் என்றார். அவருடைய பேச்சு ஒருபோதும் முக்கால் மணிக்குக் குறையாது. ஆகவே ஒலிபெருக்கியைத் திருகும்போது பதினொன்றேகால் ஆகும். நான் இதையெல்லாம் ஒரு தாளில் எழுதிப் பார்த்துவிட்டுத்தான் நாளைச் சொன்னேன்.

அந்தக் காலை வானொலியின் நேரக்குறிப்புக்குச் சுவர்க்கடிகாரத்தை நானே திருத்திவைத்தேன். எல்லாம் தாளில் எழுதியபடி நடந்தது. ஒலிபெருக்கியைத் திருகியதும் உயிர்ச்சுருதி அறையை நிறைத்தது. ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது, பித்தளைத் தட்டில் மணல் நடுங்கிற்று. பேராசிரியர் கைகட்டிக்கொண்டு கேட்டார். பணிப்பாளர் கண்ணை மூடி, "இது கடலின் உயிர். தொடங்கிய நாளிலிருந்து ஓயாத பாட்டு" என்றார். கடிகாரம் பன்னிரண்டுக்குக் கால் மணி காட்டியது. ஓங்காரம் தடுமாறி, இறங்கி, நின்றது.

ஒலிபெருக்கியில் கடுகு மட்டும் பொரிந்துகொண்டிருந்தது. பணிப்பாளர் பெட்டியின் குமிழை இரண்டு பக்கமும் திருகினார். "கருவி பழுது" என்றார்.

"இறால் கேக்குதே, ஐயா" என்றார் பேராசிரியர் மெதுவாக.

நான் எழுந்து போய் என் பதிவேட்டைப் பேராசிரியரின் முன்னால் விரித்தேன். அவர் நிரலின்மேல் விரலை ஓட்டினார். மறுபக்கம் புரட்டினார், இன்னும் ஒரு பக்கம். பிறகு கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "வெள்ளிக்கிழமை மத்தியானத்தில மட்டும் உங்கட கடல் எங்க போறது? தொழுகைக்கோ?" என்று கேட்டார். பின் வரிசையில் சிரித்தவர்கள் அதே மூன்று பேர்.

"அது ஐஸ் என்ஜின், ஐயா" என்றேன். "இரும்பு எண்டு அந்தத் துடுப்பின்ர ஆள் இந்தச் சபையில சொன்னவர். அவருக்குக் காது கேக்கும். அதுவும் பதிவேட்டில இருக்கு, ரெண்டு நிரலும்."

பணிப்பாளர் என்னைப் பார்த்தார். "பிள்ளை, உமக்கு எப்ப இருந்து தெரியும்?"

"போன வருச ஆடியில இருந்து."

"ஏன் சொல்லேல்லை?"

"கிழிக்கச் சொன்னீங்கள். கிழிச்சுத் தந்தனான்."

அந்த முகத்தை நான் மறக்கவில்லை. இருபது வருடம் ஆகப்போகிறது, இன்றும் மனம் சோர்ந்த நாட்களில் அதை எடுத்துப் பார்த்துக்கொள்வேன். கதிரையில் ஏறிச் சுவரிலிருந்து துடுப்பைக் கழற்றினேன். ஆணிகள் கழன்று தரையில் விழுந்த சத்தம் அந்த அறையில் எல்லாருக்கும் கேட்டது. ஒருவரும் தடுக்கவில்லை. சந்தியில் தம்பலகாமம் பஸ்ஸில் ஏறினேன். "அக்கா, இதுக்கும் ஒரு டிக்கெட் எடுங்கோ, என்னிலும் உயரமா நிக்குது" என்று நடத்துனர் பகிடி விட்டார். எனக்கு உலகமே பிடித்திருந்தது.

ஆலை வாசலில் இறங்கும்போதே அந்த இரைச்சல் காலடியில் ஏறியது. உமி பறந்தது. அத்தான் என்ஜினுக்குப் பக்கத்தில், அதன் தோல்பட்டி ஓடுகிற இடத்தில், மூட்டை பிடித்துக்கொண்டிருந்தார். ஏறக்குறைய இரண்டு வருடமாக அவருக்கு அந்த இடம்தான். "அத்தான்!" என்று கத்தினேன். திரும்பவில்லை. இரைச்சல் என்று நினைத்து, கையைப் பிடித்து வெளியே, மாமரத்தடிக்கு, கூட்டிவந்தேன். மூச்சு விடாமல் எல்லாம் சொன்னேன். பேராசிரியர், கடிகாரம், இறால், நானா. அவர் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். முடிந்ததும் சிரித்தார்.

"பிள்ளை, கொஞ்சம் பலமாச் சொல்லு. இப்ப காது மந்தம். இந்த மிசின்."

அக்கா, ஆலை வளவிலிருந்த அவர்களுடைய வீட்டுக் குசினிக் கதவில் நின்றாள். "ஒரு வருசமா இப்பிடித்தான்" என்றாள். "நீ எழுதினது பலிச்சுப் போச்சு."

நான் வாய்மூடிக் காத்திருந்த அந்த ஒரு வருடத்துக்கு மேற்பட்ட நாட்கள். அவர் பட்டிக்குப் பக்கத்தில் நின்ற நாட்களும் அவைதான். ஆடியில் நான் செருப்பை மாட்டிக்கொண்டு திரும்பாமல், உள்ளே போயோ தம்பலகாமத்துக்குப் போயோ சொல்லியிருந்தால் என்று ஒரு கணக்கு உண்டு. நாட்கள் என் கைவசம் இருக்கின்றன, எந்த நேரமும் அதைப் போட்டுப் பார்க்கலாம். பார்த்திருக்கிறேன். அதற்காக அந்த மனிதரின் பங்கு ஒரு துளியும் குறைவதாக நான் காணவில்லை. என்னுடைய பங்கு கூடியிருக்கிறது, அவ்வளவுதான்.

கழகம் அந்த வருடமே இங்கே மூடப்பட்டது. பணிப்பாளர் கொழும்புக்குப் போனார். ஐஸ் என்ஜினை அறியாத ஊரில் மறுபடியும் பலகை மாட்டினார், மறுபடியும் மாணவர் சேர்ந்தார்கள், மாலை விழுந்தது, பட்டம் வந்தது. துறைமுகத்து மீன் படத்தை இரண்டாம் பதிப்பாகத் தன் பெயரில் போட்டார். கடைசிவரை நன்றாக இருந்தார். ஆகவேதான் என் வேலை முடியவில்லை.

அத்தானும் அக்காவும் இப்போது என்னோடு இருக்கிறார்கள். அத்தானுக்கு எதையும் பலகையில் எழுதிக் காட்டவேண்டும். கொழும்புக் கடிதத்தின் விஷயத்தையும் எழுதிக் காட்டினேன். மலருக்குக் கட்டுரை கேட்கிறார்கள், நீங்கள் என்ன சொல்லுகிறீர்கள் என்று. அவர் பலகையைத் தூரப் பிடித்து வாசித்துவிட்டு நெற்றியைச் சுருக்கினார்.

"ஆர் இது? அந்தக் கழகத்து ஆளோ? அவற்ற பேர் என்ன பிள்ளை? மறந்தே போச்சு."

சோக்கட்டி என் கையில் இருந்தது. பலகையைத் துடைத்தேன். ஒன்றும் எழுதவில்லை. அவரும் வற்புறுத்தவில்லை. எழுந்து போய் மூலையில் நின்ற துடுப்பை எடுத்து, அலகைத் தரையில் ஊன்றி, நுனியைப் பழைய இடத்தில் தாடைக்கு வைத்துக்கொண்டார். தெருவில் லொறி போனால் அதில் ஏதோ தெரிகிறது என்கிறார். விரலால் அந்த இரண்டு துளைகளையும் தடவிப் பார்த்தார்.

"இதை இன்னும் அடைக்கேல்லையே நீ?"

இல்லை என்று தலையாட்டினேன். இந்தக் கட்டுரையை நாளை தபாலில் சேர்த்துவிடுவேன். துளைகள் அப்படியே இருக்கும்.